எழுத்து இருக்கும் இடத்தில் எண்: கேசியோ எஃப்எக்ஸ்-82எம்எஸ், எஃப்எக்ஸ்-991எம்எஸ் – எதை வாங்கலாம்?

கல்லூரி திறக்கும் சமயத்தில் பாரிமுனைக் கடைகளில் சயின்டிஃபிக் கால்குலேட்டர் கேட்டால் மேசைமேல் இரண்டு டப்பா வந்து விழும். ஒன்று கேசியோ எஃப்எக்ஸ்-82எம்எஸ். இன்னொன்று எஃப்எக்ஸ்-991எம்எஸ். "இதுல 240 ஃபங்ஷன், அதுல 401 ஃபங்ஷன், எது வேணும்?" என்று கடைக்காரர் கேட்பார். கூட்டத்தில் பின்னால் நிற்பவர்கள் அவசரப்படுத்துவார்கள். கையில் இருக்கும் பணத்தைப் பார்த்து ஏதோ ஒன்றை வாங்கிக்கொண்டு வந்துவிடுவோம். அந்த 240, 401 என்ற கணக்கை வைத்து முடிவெடுக்க வேண்டாம். அந்த எண்ணிக்கையில் பாதியை எந்த மாணவரும் தொடுவதே இல்லை.

இங்கே இரண்டையும் ஒரே ஒரு வேலையை வைத்துப் பார்க்கிறோம்: இயற்கணிதக் கோவையில் எழுத்து இருக்கும் இடத்தில் எண்ணைப் பிரதியிட்டு மதிப்பு காண்பது. ஏழாம் வகுப்பில் தொடங்கும் இந்த வேலை டிப்ளமோ, பி.எஸ்சி., இன்ஜினீயரிங், ஐ.சி.எஃப். (ரயில் பெட்டித் தொழிற்சாலை) அப்ரண்டிஸ் பயிற்சி, லேத் பட்டறை என்று எங்கே போனாலும் கூடவே வரும். சூத்திரம் என்பதே எழுத்துகளால் ஆன கோவைதான். அதில் எண்ணைப் போட்டால்தான் காரியம் ஆகும்.

பட்டன்களில் இருக்கும் ஆங்கில எழுத்துகளை ஏ, பி, எக்ஸ், ஒய் என்று உச்சரிப்பிலேயே எழுதியிருக்கிறோம்.

கால்குலேட்டருக்குப் போகுமுன் பிழை எங்கே பிறக்கிறது என்று பார்த்துவிட வேண்டும். எழுத்தை அழித்துவிட்டு அந்த இடத்தில் எண்ணை ஒட்டுவதுதான் பிரதியிடுதல் என்று பெரும்பாலான பிள்ளைகள் நினைக்கிறார்கள். அதனால்தான் 3எக்ஸ் என்ற கோவையில் எக்ஸ் = 5 என்று கொடுத்தால் 35 என்று எழுதுகிறார்கள். சரியான விடை 3 × 5, அதாவது 15. இந்தப் பிழையை ஆசிரியர் ஒருமுறை திருத்தினால் சரியாகிவிடும். பல வருஷம் கூடவே வரும் பிழை வேறு: எக்ஸ்² என்ற கோவையில் எக்ஸ் = −3. ஒட்டினால் −3² என்று நிற்கும். எண்கணித முறைப்படி அடுக்குக்குத்தான் முதல் உரிமை. 3-ஐ வர்க்கப்படுத்தி 9 ஆக்கிவிட்டு, அதன் பிறகுதான் முன்னால் நிற்கும் கழித்தல் குறி சேரும். விடை −9 வந்துவிடும். ஆனால் எக்ஸின் மதிப்பு −3 என்றால் வர்க்கமாக வேண்டியது −3 முழுவதும். (−3)² = 9.

எழுத்தின் இடத்துக்கு எண் வரும்போது ஒரு ஜோடி அடைப்புக்குறியும் கூடவே வரவேண்டும். கோவையில் எழுத்து ஒன்றாக நின்றதால் அந்தக் குறி கண்ணுக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான். தாளில் செய்கிறவர்களுக்கு ஒரு நல்ல வழி உண்டு. முதல் வரியில் எழுத்தை எடுத்துவிட்டுக் காலி அடைப்புக்குறியை மட்டும் எழுதுங்கள்: 2( )³ − 5( )² + 4( ) − 7. அடுத்துத்தான் உள்ளே எண்ணை நிரப்ப வேண்டும். ஒரு வரி கூடுதலாக எழுதுவதால் நேரம் போய்விடாது. 35 என்ற பிழையும் −9 என்ற பிழையும் இரண்டுமே இதில் அடைபட்டுவிடும்.

இனி இரண்டு கால்குலேட்டரும் அந்தக் கண்ணுக்குத் தெரியாத அடைப்புக்குறியைக் காப்பாற்றுகின்றனவா என்று பார்க்கலாம்.

82எம்எஸ்: பழகினால் போதும்

இரண்டு மாடலிலும் ஏ, பி, சி, டி, இ, எஃப், எக்ஸ், ஒய், எம் என்று ஒன்பது எழுத்துகளில் மதிப்பைச் சேமித்து வைக்கலாம். எழுத்துகள் பட்டன்களுக்கு மேலே சிவப்பில் பொடியாக அச்சாகி இருக்கும். ஏ என்பது கழித்தல் குறி அடைப்புக்குள் இருக்கும் பட்டனில். டி, இ, எஃப் மூன்றும் சைன், கோஸ், டேன் பட்டன்களில். அடிக்கடி தேவைப்படும் எக்ஸ், மூடும் அடைப்புக்குறிப் பட்டனில். ஒய், கமா பட்டனில்.

எக்ஸில் −3-ஐச் சேமிக்க: (−), 3, ஷிஃப்ட், எஸ்டிஓ, எக்ஸ். இங்கே ஆல்ஃபா பட்டன் வேண்டாம். எஸ்டிஓவுக்குப் பிறகு எழுத்துள்ள பட்டனை நேராக அழுத்தலாம். இனி ஆல்ஃபா, எக்ஸ், வர்க்க பட்டன், சமம் என்று அழுத்தினால் 9 வரும். அதே கால்குலேட்டரில் (−), 3, வர்க்க பட்டன், சமம் என்று அழுத்தினால் −9 வரும். இரண்டும் சரியான விடைகளே. முதலில் கேட்டது எக்ஸின் வர்க்கம், பின்னது 3-இன் வர்க்கத்துக்கு முன்னால் ஒரு கழித்தல் குறி. எழுத்துக்குள் போன எண் ஒரே மதிப்பாகப் போய் உட்கார்ந்துகொள்ளும். அடைப்புக்குறியை நாம் மறந்தாலும் இயந்திரம் மறப்பதில்லை.

எனவே எங்கள் முதல் பரிந்துரை, எந்த மாடலானாலும் சரி: எண்ணைக் கோவைக்குள் நேரடியாக அடிக்காதீர்கள். எழுத்தில் சேமித்துவிட்டு எழுத்தோடு கோவையை அடியுங்கள்.

2எக்ஸ்³ − 5எக்ஸ்² + 4எக்ஸ் − 7 என்ற கோவையை வைத்துப் பார்த்தால் இது புரியும். எக்ஸ் = −2 என்றால் −16 − 20 − 8 − 7 = −51. அடைப்புக்குறி இல்லாமல் எண்ணை நேரடியாக அடித்தால் நடுவிலுள்ள உறுப்பு −5 × −2² ஆகி +20 என்று மாறிவிடும். விடை −11. இதில் கவனிக்க வேண்டியது, முதல் உறுப்பில் பிழை தெரியவே தெரியாது. −2-இன் கனம் அடைப்புக்குறி இருந்தாலும் இல்லாவிட்டாலும் −8தான். ஒற்றைப்படை அடுக்கில் தப்பித்து, இரட்டைப்படை அடுக்கில் மாட்டும். மூன்று கணக்கு சரியாக வந்து நான்காவது தப்பாகும்போது "கால்குலேட்டர் கோளாறு" என்று கடைக்குத் திருப்பி எடுத்துப்போகிறவர்கள் உண்டு. கோளாறு கால்குலேட்டரில் இல்லை.

82எம்எஸ்ஸில் சங்கடம் எங்கே என்றால், ஒரே கோவைக்கு ஐந்தாறு மதிப்புகள் போட வேண்டியபோதுதான். கோவையை அப்படியே வைத்துக்கொண்டு எழுத்தின் மதிப்பை மட்டும் கேட்கும் கால்க் பட்டன் அதில் கிடையாது. புது மதிப்பை எக்ஸில் சேமித்துவிட்டு, ரீப்ளே பட்டனின் மேல் அம்பை அந்தக் கோவை திரையில் வரும்வரை அழுத்தி, பிறகு சமம் அழுத்த வேண்டும். சேமிக்க ஐந்து அழுத்தல், தேடி எடுக்க இரண்டு மூன்று. கை பழகிவிட்டால் ஒன்றும் கஷ்டமில்லை. இடையில் ஆன் பட்டனையோ மோட் பட்டனையோ தொட்டுவிட்டால் பழைய வரிகள் அழிந்துவிடும், மறுபடி முழுக் கோவையையும் அடிக்க வேண்டும்.

சிலர் குறுக்கு வழியாக, கடைசி விடையை வைத்திருக்கும் ஆன்ஸ் பட்டனை எழுத்தாகப் பயன்படுத்துகிறார்கள். 7, சமம் என்று அழுத்திவிட்டு, ஆன்ஸ்² + 3ஆன்ஸ் − 12 என்று அடித்தால் 58 வரும். சரிதான். ஆனால் சமம் பட்டனில் விரல் இன்னொரு தடவை பட்டால் ஆன்ஸ் இப்போது 58 ஆகிவிட்டதால் 3526 என்று காட்டும். பரீட்சை அவசரத்தில் இந்த வழி வேண்டாம்.

991எம்எஸ்: அந்த ஒரு பட்டனுக்காகவே

991எம்எஸ்ஸில் ஆல்ஃபாவுக்குக் கீழே முதல் வரிசையில் இடதுகோடியில் கால்க் என்று ஒரு பட்டன் இருக்கிறது. விலை வித்தியாசத்தை நியாயப்படுத்துவது அதுதான் என்பது எங்கள் கருத்து.

கோவையை ஒருமுறை எழுத்தோடு அடித்துக்கொள்ளுங்கள்: 2, ஆல்ஃபா எக்ஸ், ^, 3, −, 5, ஆல்ஃபா எக்ஸ், வர்க்க பட்டன், +, 4, ஆல்ஃபா எக்ஸ், −, 7. சமம் அழுத்த வேண்டாம். கால்க் அழுத்துங்கள். திரையின் மேல்வரியில் "எக்ஸ்?" என்று கேட்கும். கீழ்வரியில் எக்ஸில் ஏற்கெனவே இருக்கும் மதிப்பு தெரியும். 3, சமம் என்றால் 14. மறுபடி கால்க், (−), 2, சமம் என்றால் −51. அடைப்புக்குறி போடாமலே −2 முழு மதிப்பாகப் போய்விட்டது. இரண்டு எழுத்துள்ள கோவை என்றால் இரண்டையும் தனித்தனியாகக் கேட்கும். ஒன்று மாறவில்லை என்றால் எண் எதுவும் அடிக்காமல் சமம் அழுத்தினால் பழைய மதிப்பே நிற்கும்.

கோவையைச் சரியாக அடித்தோமா என்று சோதிக்க எளிய வழி: முதலில் 0 போடுங்கள். மாறிலி மட்டும் மிஞ்ச வேண்டும், இங்கே −7. அடுத்து 1 போடுங்கள். கெழுக்களையும் மாறிலியையும் கூட்டினால் என்ன வருமோ அது வரவேண்டும், 2 − 5 + 4 − 7 = −6. இரண்டும் சரியாக வந்தால் குறியிலோ கெழுவிலோ பிழை இருப்பதற்கு வாய்ப்பு மிகக் குறைவு. அடுக்கில் பிழை இருந்தால் மட்டும் 1 காட்டிக்கொடுக்காது, ஏனென்றால் 1-இன் எந்த அடுக்கும் 1தான். அதற்கு 2 போட்டுப் பார்க்க வேண்டும்: 16 − 20 + 8 − 7 = −3.

நீளம் ஒரு தடையில்லை. 79 படிகள் வரை அடிக்கலாம், ஆல்ஃபாவும் ஷிஃப்டும் தனிப் படியாகக் கணக்கில் வராது. மேலே சொன்ன கோவைக்கு 13 படிதான் ஆகிறது. 73-ஆவது படியிலிருந்து கர்சர் கட்டமாக மாறி இடம் தீரப்போகிறது என்று எச்சரிக்கும்.

குறை இல்லாமல் இல்லை. கால்க்கில் வைத்த கோவை நிலையாகத் தங்காது. வேறு கணக்கைத் தொடங்கினாலும், மோட் மாற்றினாலும், கால்குலேட்டர் அணைந்தாலும் போய்விடும். எந்தப் பட்டனையும் தொடாமல் சுமார் ஆறு நிமிடம் வைத்தால் தானாகவே அணைந்துவிடும். பாதிக் கணக்கில் எழுந்து போய்விட்டு வந்தால் கோவையை மறுபடி அடிக்க வேண்டியதுதான். எழுத்துகளில் சேமித்த மதிப்புகள் மட்டும் அப்படியே இருக்கும். இன்னொன்று, எஸ்.டி. முதலிய புள்ளியியல் மோடில் கால்க் வேலை செய்யாது. சாதாரணக் கணக்குக்கான காம்ப், கலப்பெண்ணுக்கான காம்ப்ளெக்ஸ் என்ற இரண்டு மோடில் மட்டும்தான். யாரோ எடுத்துப் பயன்படுத்திவிட்டு மோடை மாற்றாமல் கொடுத்துவிட்டால், பட்டன் செத்துப்போனது என்று பயப்பட வேண்டாம். ஷிஃப்ட், சிஎல்ஆர், 3, சமம் என்று அழுத்தினால் எல்லாம் முதல் நிலைக்கு வந்துவிடும். சேமித்த மதிப்புகளும் அதோடு அழிந்துவிடும் என்பதை நினைவில் வையுங்கள்.

பெருக்கல் குறி போட்டால் ஒன்று, போடாவிட்டால் ஒன்று

லேத்தில் வேலை செய்கிறவர்களுக்குத் தெரிந்த சூத்திரம் இது: சுழற்சி வேகம் = 1000 × வெட்டு வேகம் ÷ (பை × விட்டம்). வெட்டு வேகம் நிமிடத்துக்கு 25 மீட்டர், விட்டம் 40 மில்லிமீட்டர் என்றால் நிமிடத்துக்கு 199 சுற்று வரவேண்டும்.

25-ஐ ஏயிலும் 40-ஐ பியிலும் சேமித்துக்கொண்டு 1000ஏ ÷ பைபி என்று, பைக்கும் பிக்கும் நடுவே பெருக்கல் குறி போடாமல் அடித்தால் 198.9436789 வரும். அதே கோவையைப் பெருக்கல் குறியோடு 1000 × ஏ ÷ பை × பி என்று அடித்தால் 318309.8862 வரும். லேத் நிமிடத்துக்கு மூன்று லட்சத்துப் பதினெட்டாயிரம் சுற்றுச் சுற்றாது, அதனால் இந்தப் பிழையை எவரும் பிடித்துவிடுவார்கள். கண்ணில் படாத அளவுக்குச் சின்னதாக வந்தால்தான் ஆபத்து.

காரணம் இதுதான். இந்த எம்எஸ் மாடல்களில் எழுத்துக்கோ பைக்கோ முன்னால் பெருக்கல் குறியை விட்டுவிட்டால், அந்தப் பெருக்கலுக்கு சாதாரணப் பெருக்கல் வகுத்தலைவிட முன்னுரிமை உண்டு. பைபி என்பதை ஒரே கட்டாக எடுத்துக்கொள்ளும். குறி போட்டால் கட்டு அவிழ்ந்து இடமிருந்து வலமாகப் போகும். 1 ÷ 2எக்ஸ் என்பதில் எக்ஸ் = 4 என்றால் 0.125. 1 ÷ 2 × எக்ஸ் என்றால் 2. அடைப்புக்குறிக்கு முன்னாலும் இப்படித்தான்: 82எம்எஸ்ஸில் 6 ÷ 2(1 + 2) என்று அடித்தால் 1, பெருக்கல் குறி போட்டு அடித்தால் 9. எல்லாக் கம்பெனிக் கால்குலேட்டர்களும் இந்த விதியைப் பின்பற்றுவதில்லை. அதனால் பக்கத்து பெஞ்ச் மாணவரின் கருவியோடு விடை ஒத்துப்போகவில்லை என்று குழம்ப வேண்டாம்.

இந்த முன்னுரிமையை நம்பிக் கணக்குப் போடச் சொல்லவில்லை. கீழே இருப்பது ஒன்றுக்கு மேற்பட்டதென்றால் அடைப்புக்குறி போட்டுவிடுங்கள். பின்னமும் அப்படித்தான். தாளில் கோடு போட்டு மேலே எக்ஸ் + ஒய், கீழே எக்ஸ் − ஒய் என்று எழுதுகிறோம். அந்தக் கோடே ஒரு அடைப்புக்குறிதான். ஒரே வரியில் அடிக்கும்போது கோடு போய்விடுகிறது, அடைப்புக்குறியை நாம்தான் சேர்க்க வேண்டும். எக்ஸ் = 8, ஒய் = 2 என்றால் (எக்ஸ் + ஒய்) ÷ (எக்ஸ் − ஒய்) என்பது 1.666666667. அடைப்புக்குறி இல்லாமல் 6.25. இதே கோவையில் எக்ஸும் ஒய்யும் சமமாக இருந்தால் "மேத் எரர்" வரும். கருவி பழுது என்று நினைக்கவேண்டாம், கீழே சுழி வந்துவிட்டது. "சின்டாக்ஸ் எரர்" வந்தால் அடித்ததில் பிழை. இரண்டிலும் இடது அல்லது வலது அம்பை அழுத்தினால் கர்சர் பிழை நடந்த இடத்தில் போய் நிற்கும். எல்லாவற்றையும் அழித்துவிட்டு முதலிலிருந்து அடிக்கத் தேவையில்லை.

கோணம் வரும் கோவைகளில் திரையின் மேலே டி என்ற சின்ன எழுத்து தெரிகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். டி என்றால் பாகை. ஆர் (ரேடியன்) என்று இருந்தால் சைன் 30 என்பது 0.5க்குப் பதில் −0.988 என்று காட்டும்.

எந்தக் கால்குலேட்டரும் பிடிக்காத பிழை

2013-இல் தமிழக அரசு நிர்ணயித்த ஆட்டோ கட்டணம்: முதல் 1.8 கிலோமீட்டருக்கு 25 ரூபாய், அதற்கு மேல் ஒவ்வொரு கிலோமீட்டருக்கும் 12 ரூபாய். கோவையாக எழுதினால் 25 + 12(எக்ஸ் − 1.8). எக்ஸ் என்பது தூரம். ராயபுரத்திலிருந்து 4.5 கிலோமீட்டர் போகிறோம் என்று வைத்துக்கொண்டால் 57.40 ரூபாய். கால்க்கில் போட்டால் உடனே வரும். 1 கிலோமீட்டர் போட்டால்? 15.40 என்று காட்டும். பிரதியிட்டதில் ஒரு பிழையும் இல்லை. ஆனால் விடை தப்பு, குறைந்தபட்சக் கட்டணமே 25. இந்தக் கோவை எக்ஸ் 1.8 அல்லது அதற்கு மேல் இருந்தால்தான் செல்லும். எந்த எல்லைக்குள் கோவை செல்லும் என்பது கோவையோடு எழுதப்பட வேண்டிய விஷயம், கால்குலேட்டருக்கு அது தெரியாது.

வட்டிக் கணக்கில் இன்னும் கவனம் வேண்டும். தனிவட்டி = அசல் × காலம் × வட்டி வீதம் ÷ 100. அடகுக் கடையில் "ரெண்டு வட்டி" என்றால் நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய். 15,000 ரூபாய், 8 மாதம் என்றால் 15000 × 8 × 2 ÷ 100 = 2,400. அதையே ஆண்டுக்கு 24 சதவீதம் என்று எடுத்துக்கொண்டால் காலத்தையும் ஆண்டில்தான் போட வேண்டும், 8 ÷ 12. மாதத்தில் 8-ஐயும் ஆண்டு வீதம் 24-ஐயும் கலந்து போட்டால் 28,800 என்று வரும். அசலைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு. ஏ, பி, சி என்று கேட்கும்போது எண்ணை மட்டும்தான் கேட்கிறது, அலகைக் கேட்பதில்லை. அலகைத் தாளில் எழுதிவைத்துக்கொண்டு பிறகு அடியுங்கள்.

தண்ணீர்த் தொட்டிக்கும் இதே வழி. சம்ப்பை அடிக்கணக்கில் அளந்திருந்தால் ஏ × பி × சி × 28.3168 (ஒரு கன அடிக்கு இத்தனை லிட்டர்) என்று கால்க்கில் வைத்துக்கொள்ளலாம். 8 அடி, 5 அடி, 6 அடி என்றால் 6,796 லிட்டர். 6,000 லிட்டர் லாரித் தண்ணீர் கொள்ளும். வட்டத் தொட்டியானால் பை ஆர்² உயரம் என்ற சூத்திரத்தில் ஆருக்கு ஆரத்தைப் போடவேண்டும். டேப்பை வைத்து அளந்தது விட்டம் என்பதை மறந்துவிட்டு அதையே போட்டால் விடை நான்கு மடங்காகிவிடும்.

கடைக்கால்குலேட்டர் மட்டும் இருக்கிறதா?

வண்ணாரப்பேட்டை ஜவுளிக் கடைகளில் கல்லாவுக்குப் பக்கத்தில் இருக்கும் பெரிய பட்டன் கால்குலேட்டரில் 2 + 3 × 4 என்று அடித்தால் 20 காட்டும். சயின்டிஃபிக்கில் 14. கடைக்கால்குலேட்டர் ஒவ்வொரு குறியையும் அழுத்திய வரிசையிலேயே முடித்துவிடும். பெருக்கலுக்கு முன்னுரிமை தராது. கோவைக்கு இது ஆகாது என்று நினைக்கத் தோன்றும். ஆனால் கோவையை மாற்றி எழுதினால் இதிலேயே அழகாக வரும். 2எக்ஸ்³ − 5எக்ஸ்² + 4எக்ஸ் − 7 என்பதை ((2எக்ஸ் − 5)எக்ஸ் + 4)எக்ஸ் − 7 என்று எழுதலாம். ஹார்னர் முறை என்பார்கள். எக்ஸ் = 3 என்றால் 2 × 3 − 5 × 3 + 4 × 3 − 7 = என்று வரிசையாக அழுத்திக்கொண்டே போகலாம்: 6, 1, 3, 7, 21, கடைசியில் 14. அடுக்கே தேவையில்லை. இதே வரிசையை 991எம்எஸ்ஸில் அழுத்தினால் −4 வரும், அதனால் இரண்டு கருவிகளுக்கும் நடுவே இந்தப் பழக்கத்தை மாற்றிக்கொள்ளாதீர்கள். எக்ஸின் இடத்தில் குறை எண் வந்தாலும் இந்த வழி தாளில் மனக்கணக்காகவே போடத் தகும். கால்குலேட்டர் அனுமதிக்காத நீட், ஜேஇஇ தேர்வுகளுக்குத் தயாராகிறவர்கள் இதைக் கட்டாயம் பழகிக்கொள்ள வேண்டும்.

யாருக்கு எது

எட்டாம் வகுப்பு வரை படிக்கும் பிள்ளைக்கு இரண்டுமே வேண்டாம். காலி அடைப்புக்குறியும் பென்சிலும் போதும். அந்த வயதில் கை பழகாவிட்டால் பிற்பாடு எந்தப் பட்டனும் காப்பாற்றாது. கலைக் கல்லூரியில் எப்போதாவது ஒரு சூத்திரத்தில் எண் போடுகிறவருக்கு 82எம்எஸ் நிறைவானது, விலையும் குறைவு. ஆய்வகப் பதிவேட்டில் ஒரே சூத்திரத்துக்குப் பத்து அளவீடு போடுகிறவர், டிப்ளமோ, இன்ஜினீயரிங் மாணவர், பட்டறையில் அளவு மாற்றி மாற்றிப் பார்க்கிறவர் 991எம்எஸ்தான் வாங்க வேண்டும். இன்னும் கொஞ்சம் செலவிட முடிந்தால் எஃப்எக்ஸ்-991இஎஸ் பிளஸ். பின்னம் புத்தகத்தில் இருப்பதுபோலவே மேலும் கீழுமாகத் திரையில் வருவதால் அடைப்புக்குறி மறக்கும் பிழை பாதி குறையும். கால்க்கும் உண்டு. மோட் 7 அழுத்தி டேபிளுக்குப் போனால் தொடக்கம் 2, முடிவு 10, இடைவெளி 1 என்று கொடுத்து மேலே சொன்ன ஆட்டோ கட்டணத்தை 27.4 முதல் 123.4 வரை ஒரே அட்டவணையாகப் பார்க்கலாம். டேபிளில் எக்ஸ் மட்டும்தான் மாறும், மற்ற எழுத்துகள் சேமித்த மதிப்பிலேயே நிற்கும். எதை வாங்கினாலும், உங்கள் தேர்வுக்கு எந்த மாடல்வரை அனுமதி என்று கல்லூரியில் கேட்டுவிட்டு வாங்குங்கள்.

கடை மேசையிலேயே இரண்டு நிமிடம் சோதிக்கத் தயங்க வேண்டாம், பின்னால் யார் அவசரப்படுத்தினாலும் சரி. (−)3-இன் வர்க்கம் −9, அடைப்புக்குறியோடு 9. 6 ÷ 2(1 + 2) என்பது 1. சைன் 30 என்பது 0.5. பிறகு சிவப்பு எழுத்துள்ள ஒன்பது பட்டன்களிலும் வெவ்வேறு எண்ணைச் சேமித்து, ஆர்சிஎல் போட்டு ஒவ்வொன்றாகத் திரும்ப எடுத்துப் பாருங்கள். பழைய கருவி வாங்குகிறவர் முக்கியமாக மூடும் அடைப்புக்குறிப் பட்டனை அழுத்திப் பார்க்க வேண்டும். எக்ஸ் இருப்பதும் அதிலேதான், அதிகம் தேய்வதும் அதுதான். அழுத்தியபின் மெதுவாக எழும்பி வந்தால் வாங்காதீர்கள்.

991எம்எஸ்ஸில் சோலார் பட்டையும் எல்ஆர்44 பட்டன் பேட்டரியும் இரண்டும் உண்டு. சோலார் பட்டையை விரலால் முழுதும் மூடுங்கள். திரை மங்கினாலோ அணைந்தாலோ உள்ளே இருக்கும் பேட்டரி தீர்ந்திருக்கிறது. மூன்று ஆண்டுக்கு ஒருமுறை பேட்டரியை மாற்றிவிடுவது நல்லது. காசிமேடு, திருவொற்றியூர்ப் பக்கம் கடற்காற்று படும் வீடுகளில் பேட்டரித் தகட்டில் பச்சை பூத்தால் தொடர்பு விட்டுப்போகும். பின்பக்கத் திருகுகளைக் கழற்றி, புது பேட்டரியை + பக்கம் மேலே தெரியும்படி வைத்து மூடியபின் ஷிஃப்ட், சிஎல்ஆர், 3, சமம் அழுத்த வேண்டும். இதை விட்டுவிட்டால் திரையில் ஏதாவது தாறுமாறாக நிற்க வாய்ப்புண்டு. அதன்பின் கால்க்கில் ஏதாவது ஒரு கோவையை வைத்து 0-உம் 1-உம் போட்டுப் பார்த்துவிட்டு மூடியை நகர்த்தலாம்.